கலிவர் வரையாத வழி



கொலம்பஸ், வாஸ்கோ ட காமா, மகெல்லன், குக் முதலிய கடலோடிகளின் சரித்திரத்தைப் பாடப் புத்தகங்களில் படித்திருப்பீர்கள். இன்று நான் சொல்ல எடுத்துக்கொண்டதும் ஒரு கடலோடியின் வாழ்க்கையே. அவருடைய தந்தைக்கு நிலபுலன் இருந்த மாவட்டம் நமக்குத் தெரியும். அவர் எந்தக் கல்லூரியில் எத்தனை வயதில் சேர்ந்தார் என்பது தெரியும். மனைவி கொண்டுவந்த சீதனம் 400 பவுன் என்பதுகூடத் தெரியும். அவர் ஏறிய கப்பல்களின் பெயரும், அவை நங்கூரம் எடுத்த நாளும், கப்பல் உடைந்த இடத்தின் அட்சரேகையும் எழுத்தில் இருக்கின்றன. ஆயினும் அப்படி ஒரு மனிதர் இவ்வுலகில் பிறந்ததே இல்லை. அவர்தாம் லெமுவெல் கலிவர்.

குள்ளர் நாட்டுக் கதையின் வாயிலாக நீங்கள் கலிவரைச் சிறு வயதிலேயே அறிந்திருப்பீர்கள். அவர் கண்ட உலகங்களுள் குள்ளர் நாடு முதலாவது. அதற்குப் பின்னும் பல உலகங்களை அவர் கண்டார். ஒவ்வொன்றுக்கும் போகும் வழியைத் தேசப்படத்தில் குறித்து வைத்தார். ஆனால் ஒரே ஒரு வழி மட்டும் அவருக்குக் கடைசிவரை அகப்படவில்லை. அஃது எந்த வழி என்பதை அவருடைய வாழ்க்கை முழுவதையும் பார்த்த பிறகே நாம் சொல்ல முடியும்.

முதலில் அவரைப் பற்றிய நூல் வெளிவந்த கதையைக் கேளுங்கள். 1726-ஆம் ஆண்டு அக்டோபர் 28-ஆம் நாள் லண்டன் நகரில் பெஞ்சமின் மாட் என்னும் பதிப்பாளர் ஒரு பிரயாண நூலை வெளியிட்டார். முதலில் கப்பல் வைத்தியராகவும் பின்பு கப்பல் தலைவராகவும் இருந்த லெமுவெல் கலிவர் எழுதியது என்று அதன் முதல் ஏட்டில் அச்சிடப்பட்டிருந்தது. முகப்பில் கலிவரின் உருவப்படம். நான்கு பகுதிகளுக்கும் தனித்தனியே தேசப்படங்கள். அவற்றில் அந்நாடு கண்டுபிடிக்கப்பட்ட ஆண்டு. உண்மையில் அதை எழுதியவர் ஜானதன் ஸ்விப்ட். அயர்லாந்தில் டப்ளின் நகரத்து ஸெயின்ட் பாட்ரிக் தேவாலயத்தின் தலைமைக் குருவாக இருந்தவர் அவர். தம் பெயரை அவர் நூலில் எங்கும் வெளியிடவில்லை.

நூல் எழுப்பிய பரபரப்பு கொஞ்சமன்று. ஒரு முதியவர் அதைப் பெற்றதும் தம்மிடமிருந்த தேசப்படத்தை எடுத்து லில்லிபுட் எங்கே இருக்கிறது என்று தேடலானார். ஒரு கப்பல் தலைவரோ, கலிவரைத் தமக்கு நன்றாகத் தெரியும் என்றும், அவர் குடியிருந்த பேட்டையின் பெயரை அச்சிட்டவர் மாற்றிப் போட்டுவிட்டார் என்றும் சாதித்தாராம். இவ்விரண்டு செய்திகளையும் ஸ்விப்டின் நண்பராகிய டாக்டர் ஆர்பத்நாட் அவருக்குக் கடிதத்தில் எழுதினார். அயர்லாந்தில் ஒரு பிஷப், இந்நூல் நம்பத்தகாத பொய்கள் நிறைந்தது என்றும், இதில் ஏறக்குறைய ஒரு சொல்லையும் தாம் நம்பவில்லை என்றும் கூறினார் என்பது ஸ்விப்டே தெரிவிக்கும் செய்தி.

இவற்றைக் கேட்டு அக்காலத்தவரை நாம் எள்ளி நகையாடலாகாது. 1726-இல் உலகப்படம் முற்றுப்பெறவில்லை. ஆஸ்திரேலியாவின் கிழக்குக் கரையைக் குக் கண்டது 1770-இல்தான். வட அமெரிக்காவின் மேற்குக் கரை, கலிபோர்னியாவுக்கு வடக்கே ஐரோப்பியர் அறியாத வெற்றிடமாகக் கிடந்தது. கடலில் செல்பவர் சூரியனைக்கொண்டு அட்சரேகையைக் கணித்துவிடலாம். தீர்க்கரேகையைக் கணிக்க நம்பத்தக்க உபாயம் இல்லை. அந்த உபாயத்தைக் கண்டு சொல்பவருக்கு 20,000 பவுன் வரை பரிசு அளிப்பதாகப் பிரிட்டிஷ் பாராளுமன்றம் 1714-இல் சட்டம் செய்திருந்தது. ஜான் ஹாரிஸன் செய்த கடிகாரம் 1761-இல் கப்பலேறி வெற்றி காணும் வரையில் அந்தக் குறை நீங்கவில்லை. தேசப்படத்தில் எங்கெங்கே வெற்றிடம் இருந்ததோ, அங்கே ஸ்விப்ட் தம் நாடுகளைக் கொண்டுபோய் வைத்தார்.

உலகை மும்முறை சுற்றிய வில்லியம் டாம்பியர் என்பவர் 1697-இல் வெளியிட்ட பிரயாண நூலை அக்காலத்தார் ஆவலோடு படித்து வந்தனர். கலிவர் அந்த டாம்பியரைத் தம் உறவினர் என்கிறார். புகழ்பெற்ற தேசப்படக்காரராகிய ஹெர்மன் மோல் என்பவரைத் தம் நண்பர் என்கிறார். அத்தோடு நில்லாமல், நியூ ஹாலந்தை, அதாவது இன்றைய ஆஸ்திரேலியாவை, தேசப்படங்கள் குறைந்தது 3 பாகை கிழக்கே தள்ளிக் காட்டுகின்றன என்று மோலுக்குத் தாம் எடுத்துச் சொன்னதாகவும் எழுதுகிறார். பிறவாத ஒருவர், வாழ்ந்துகொண்டிருந்த ஒரு நிபுணருக்குப் பூகோளம் கற்பிக்கும் வேடிக்கையைப் பாருங்கள்!

இனி அவருடைய சரித்திரம். நாட்டிங்ஹாம்ஷயரில் சிறு நிலபுலன் உடைய ஒருவருக்கு ஐந்து ஆண்மக்கள். அவர்களுள் கலிவர் மூன்றாமவர். 14-ஆம் வயதில் கேம்பிரிட்ஜ் இம்மானுவேல் கல்லூரியில் சேர்ந்து மூன்று ஆண்டு படித்தார். செலவுக்குப் பணம் போதாமையால் படிப்பை நிறுத்தி, லண்டனில் ஒரு வைத்தியரிடம் நான்கு ஆண்டு தொழில் பயின்றார். தந்தை அவ்வப்போது அனுப்பிய சிறு தொகைகளை மாலுமிக் கலையும் அதற்கு வேண்டிய கணிதமும் கற்பதில் செலவிட்டார். பின்னர் ஹாலந்து நாட்டு லெய்டன் நகரில் 2 ஆண்டு 7 மாதம் வைத்தியம் படித்தார். மணம் செய்துகொண்டு லண்டனில் தொழில் தொடங்கினார். ஆதரித்து வந்த ஆசான் இறந்ததும் தொழில் சரிந்தது. சக வைத்தியர் பலர் கையாண்ட முறைகேடுகளைத் தாமும் கையாள மனச்சாட்சி இடங்கொடாமையால் கடலை நாடினார்.

கப்பலில் ஓய்வு கிடைத்தபோதெல்லாம் நல்ல நூல்களைப் படிப்பது அவர் வழக்கம். கரையில் இறங்கினால் அவ்வூர் மக்களின் பழக்க வழக்கங்களைக் கவனிப்பார். அவர்கள் மொழியைக் கற்றுக்கொள்வார். இந்தக் குணத்தை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். கப்பல் கொண்டுசேர்ப்பது கரை வரையில்தான். கரையிலிருந்து அந்நாட்டாரின் உள்ளத்துக்குப் போகும் வழி மொழி. கலிவர் போன நாடுகளுள் பெரும்பாலானவற்றில் முதலில் அந்நாட்டு மொழியைக் கற்றார். பிறகே அதைப் பற்றி எழுதினார்.

1699-ஆம் ஆண்டு மே 4-ஆம் நாள் பிரிஸ்டல் துறைமுகத்திலிருந்து ஆன்டிலோப் என்னும் கப்பலில் புறப்பட்டார். நவம்பர் 5-இல் கப்பல் பாறையில் மோதிப் பிளந்தது. அதற்கு முன் கணித்த இடம், தாஸ்மானியாவுக்கு வடமேற்கே, தெற்கு அட்சரேகை 30 பாகை 2 நிமிடம். இன்றைய தேசப்படத்தில் தாஸ்மானியாவுக்கு நேர் வடமேற்கே அந்தப் பாகையில் விரலை வைத்தால், ஆஸ்திரேலியாவின் உலர்ந்த நிலத்தில் போய் நிற்கும்! நீந்திக் கரையேறி உறங்கியவர், கண் விழித்தபோது நூற்றுக்கணக்கான சிறு கயிறுகளால் கட்டுண்டு கிடந்தார். சுற்றிலும் 6 அங்குல உயரமுள்ள மனிதர். அதுவே லில்லிபுட்.

இங்கே கணித மாணவர் கவனிக்க வேண்டிய செய்தி ஒன்று உண்டு. கலிவருக்கு நாள்தோறும் 1728 லில்லிபுட்டியருக்குப் போதுமான உணவு கொடுக்கவேண்டும் என்று அரசர் ஆணையிட்டார். 1728 என்ற எண் எப்படி வந்தது? கலிவரின் உயரம் அவர்கள் உயரத்தைப்போல் 12 மடங்கு. உடல் நீளத்தில் மட்டுமா பெருகும்? அகலத்திலும் கனத்திலும் அவ்வாறே பெருகுமன்றோ? ஆகவே 12-ஐ மும்முறை பெருக்கினார்கள். கற்பனை உலகிலும் கணக்குப் பிசகாமல் இருந்ததனால்தான் நூலைப் படித்தவர்கள் தேசப்படத்தைத் தேடி ஓடினார்கள்.

அந்தச் சிறிய நாட்டில் சண்டைக்குக் குறைவில்லை. செருப்பின் குதி உயரமா தாழ்வா என்பதில் இரண்டு கட்சிகள். முட்டையை எந்தப் பக்கம் உடைப்பது என்பதில் அண்டை நாடாகிய பிளெபுஸ்குவோடு போர். சிறிய பக்கத்தில் உடைக்க இசைவதைவிடச் சாவதே மேல் என்று பல காலங்களில் உயிர் விட்டோர் 11,000 பேர். கலிவர் கடற்காலில் நடந்து சென்று பகைவரின் 50 போர்க்கப்பல்களைக் கயிற்றில் கட்டி இழுத்துக்கொண்டு வந்தார். ஆனால் பிளெபுஸ்கு மக்களை அடியோடு அடிமைகளாக்க அரசர் துணை கேட்டபோது, சுதந்தரமான ஒரு மக்களை அடிமைப்படுத்தத் தாம் கருவியாக முடியாது என்று மறுத்துவிட்டார். அந்த மறுப்பே அவருக்கு வினையாயிற்று. அவருடைய கண்களைக் குருடாக்குவதென அரசவை முடிவு செய்தது. அதை அறிந்து பிளெபுஸ்குவுக்குத் தப்பிச் சென்று, அங்கே கிடைத்த ஒரு படகில் கடலேறி, 1702 ஏப்ரலில் தாய்நாடு சேர்ந்தார். குள்ள நாட்டு ஆடுமாடுகளை உடன் கொண்டுவந்தார். அவற்றைக் காட்சிக்கு வைத்துப் பொருள் சேர்த்தார். இந்த முதல் பயணத்தின் முடிவில் அவர் மனம் கெடவில்லை, குடும்பத்தோடு மகிழ்ந்திருந்தார்.

இரண்டே மாதத்தில் மறுபடியும் கடல் அழைத்தது. சூரத்துக்குச் செல்லும் அட்வென்சர் என்னும் கப்பலில் ஏறினார். புயல் அதை எங்கோ அடித்துச் சென்றது. 1703 ஜூனில் பிராப்டிங்நாக் என்னும் இராட்சதர் நாட்டில் தனியே விடப்பட்டார். தேசப்படத்தில் அது வட அமெரிக்காவின் மேற்குக் கரையோடு ஒட்டிய பெரிய தீபகற்பம். இங்கே எல்லாம் தலைகீழ். லில்லிபுட்டில் மலைபோல் நின்றவர் இங்கே ஒரு பூச்சி. ஒரு குடியானவன் அவரை ஊர் ஊராகக் காட்டிக் காசு பறித்தான். அவனுடைய ஒன்பது வயது மகள் அவரிடம் அன்பு காட்டி, மொழியையும் கற்பித்தாள். 40 அடி உயரமே ஆனபடியால் வயதுக்குக் குட்டையான பெண் என்று கலிவர் அவளைப் பற்றி எழுதுகிறார்! பிறகு அரசி அவரை விலைக்கு வாங்கி அரண்மனையில் வைத்தாள்.

அந்நாட்டாரின் தோலைக் கிட்ட இருந்து பார்த்தபோது மேடும் பள்ளமுமாக அருவருப்பாக இருந்தது. அப்பொழுது கலிவருக்கு ஒன்று நினைவு வந்தது. லில்லிபுட்டில் ஒரு நண்பன், கலிவரின் முகத்தைத் தொலைவிலிருந்து பார்த்தால் அழகாகவும் கிட்டப் பார்த்தால் கோரமாகவும் இருக்கிறது என்று சொல்லியிருந்தான். அழகு என்பது பார்க்கும் தொலைவைப் பொறுத்தது என்று அவர் உணர்ந்தார். இதுவே அவர் பெற்ற கல்விகளுள் சிறந்தது எனலாம்.

அந்நாட்டு அரசர் அறிவாளி. இங்கிலாந்தின் பாராளுமன்றம், நீதிமன்றம், படை, வரி ஆகியவற்றைப் பற்றிக் கலிவர் பெருமையோடு ஐந்து சந்திப்புகளில் விவரித்தார். அரசர் பொறுமையாகக் கேட்டு, பின்பு கேள்வி கேட்டார். ஒவ்வொரு கேள்விக்கும் கலிவரின் பெருமை சுருங்கியது. அரசரை மகிழ்விக்க எண்ணி, நகரங்களைத் தூளாக்கும் வெடிமருந்து செய்யும் இரகசியத்தைச் சொல்லித் தருவதாகக் கூறினார். அரசர் நடுங்கிப்போனார். அந்த இரகசியத்தை அறிவதைவிட ராஜ்யத்தில் பாதியை இழப்பது நலம் என்றும், உயிர்மேல் ஆசை இருந்தால் அதை மறுபடி பேசவேண்டாம் என்றும் கட்டளையிட்டார். ஒரு கதிர் விளைந்த இடத்தில் இரண்டு கதிரை விளைவிப்பவனே அரசியல்வாதிகள் எல்லாரினும் நாட்டுக்கு நன்மை செய்தவன் என்பது அவருடைய கொள்கை.

ஒரு பெரிய பறவை அவர் குடியிருந்த பெட்டியைத் தூக்கிச் சென்று கடலில் போட, ஓர் ஆங்கிலக் கப்பல் அவரை மீட்டது. 1706-இல் வீடு திரும்பினார். திரும்பும் வழியில் வீடுகளும் மரங்களும் மனிதரும் மிகச் சிறியனவாகத் தோன்றின. எதிரே வந்தவர்களை மிதித்துவிடுவோமோ என்று அஞ்சி, விலகிப் போங்கள் என்று கூவினார். தலை இடிக்கும் என்று குனிந்து வாயிலில் நுழைந்தார். மனைவியையும் மகளையும் பார்த்து, மிதமிஞ்சிய சிக்கனத்தால் பட்டினி கிடந்து இப்படி ஒன்றுமில்லாமல் போய்விட்டீர்களே என்றார்! இந்த இடத்தில் நாம் வாய்விட்டுச் சிரிக்கிறோம். ஆனால் சிரிப்பு அடங்கியதும் எண்ணிப் பாருங்கள். வீட்டார் ஓர் அங்குலமும் குறையவில்லை. கலிவரின் கண்ணே வேற்று நாட்டு அளவுகோலோடு திரும்பி வந்திருந்தது. அது சில நாளில் சரியாகிவிட்டது.

மூன்றாம் பயணத்தில் அவர் நம் ஊருக்கே வருகிறார். ஹோப்வெல் என்னும் கப்பலில் 1707 ஏப்ரல் 11-ஆம் நாள் சென்னை ஸெயின்ட் ஜார்ஜ் கோட்டையை அடைந்து, மூன்று வாரம் தங்கினார். அப்போது கோட்டையின் கவர்னர் தாமஸ் பிட். டில்லிப் பேரரசர் ஔரங்கசீப் காலமாகி ஒரு மாதத்துக்குச் சற்று அதிகமாகியிருந்தது. இவ்வளவு பெரிய மாறுதல் நிகழ்ந்த சமயத்தில் நம் கடற்கரையில் இறங்கிய கலிவர், என்ன எழுதினார்? மாலுமிகள் பலர் நோயுற்றிருந்ததால் இளைப்பாறினோம் என்று எழுதியதோடு சரி. நம்முடைய மக்களைப் பற்றியோ மொழியைப் பற்றியோ ஒரு சொல்லும் இல்லை. அறியாத உலகத்துக்கு வழி தேடுபவர், வழியில் இருந்த உலகத்தைக் காணாமலே கடந்து சென்றார்.

அப்பால் கொள்ளைக்காரரிடம் அகப்பட்டு, கடலில் தனியே விடப்பட்ட அவரை லபூடா என்னும் பறக்கும் தீவு ஏற்றுக்கொண்டது. ஒரு பெரிய காந்தக்கல்லின் வலியால் அத்தீவு வானில் இயங்கியது. அங்கிருந்த அறிஞர்கள் எந்நேரமும் சிந்தனையில் ஆழ்ந்திருந்தபடியால், பேசும்போதும் கேட்கும்போதும் வாயையும் காதையும் தட்டிவிட ஒரு வேலைக்காரன் வேண்டும். அவர்கள் கருவிகளால் அளந்து தைத்த சட்டை கலிவருக்குப் பொருந்தவில்லை. கணக்கில் ஓர் இலக்கம் தவறியிருந்தது. கீழே லகாடோ நகரத்துக் கல்விக்கழகத்தில், வெள்ளரிக்காயிலிருந்து சூரிய ஒளியைப் பிழிந்தெடுக்க ஒருவர் எட்டு ஆண்டாக முயன்றுகொண்டிருந்தார். மற்றொருவர், மொழியின் சொற்களையெல்லாம் கட்டைகளில் ஒட்டி, 40 மாணவர்கள் கைப்பிடியைத் திருப்ப, சொற்கள் தாமே புரண்டு சேர்ந்து நூலாகும்படி ஒரு பொறி செய்திருந்தார்.

ஆனாலும் லபூடாவின் வானநூலாரைப் பற்றி ஒரு வியப்பான செய்தி உண்டு. செவ்வாய்க் கிரகத்துக்கு இரண்டு சந்திரர்கள் இருப்பதாகவும், ஒன்று 10 மணியிலும் மற்றொன்று இருபத்தொன்றரை மணியிலும் கிரகத்தைச் சுற்றுவதாகவும் அவர்கள் கண்டிருந்தனர். அவற்றின் தொலைவு கிரகத்தின் குறுக்களவைப்போல் 3 மடங்கு, 5 மடங்கு. இந்த எண்கள் கெப்ளர் கண்ட விதிக்கு ஒத்திருக்கின்றன; நீங்களே பெருக்கிப் பார்க்கலாம். மெய்யாகவே இரண்டு சந்திரர்கள் இருப்பதை ஆஸப் ஹால் என்னும் அமெரிக்க வானநூலார் கண்டது 1877-இல். இதை ஞானதிருஷ்டி என்று சொல்ல வேண்டியதில்லை. பூமிக்கு ஒன்று, வியாழனுக்கு நான்கு என்றால் இடையிலுள்ள செவ்வாய்க்கு இரண்டு இருக்கலாம் என்று கெப்ளரே முன்பு ஊகித்திருந்தார்.

அடுத்து லக்நாக் என்னும் நாட்டில் சாவில்லாத மனிதரைப் பற்றிக் கேள்வியுற்றார். தாம் அவர்களுள் ஒருவராய்ப் பிறந்திருந்தால் எவ்வளவு கல்வி கற்கலாம், தீர்க்கரேகையைக் கண்டுபிடிப்பதைக்கூடப் பார்த்துவிடலாமே என்று மனக்கோட்டை கட்டினார். நேரில் கண்டதும் கோட்டை இடிந்தது. அவர்களுக்குச் சாவு இல்லை, மூப்பு உண்டு. பல்லும் முடியும் விழுந்து, உற்றாரின் பெயரும் மறந்து வாழ்ந்தனர். மொழி காலந்தோறும் மாறுவதால், 200 ஆண்டு சென்றபின் அக்கம்பக்கத்தாரோடு பேசவும் இயலாமல், சொந்த நாட்டிலேயே அந்நியராய் இருந்தனர். கலிவர் இரங்கினார். தமக்கும் ஒருவகையில் அந்நிலை வரப்போகிறது என்பதை அவர் அறியவில்லை.

நான்காம் பயணம் 1710 செப்டம்பரில் தொடங்கியது. இம்முறை அவரே கப்பல் தலைவர். மாலுமிகள் கலகம் செய்து, 1711 மே மாதம் அவரை ஒரு கரையில் இறக்கிவிட்டனர். அந்நாட்டை ஆண்டவை குதிரைகள். அவற்றுக்கு ஹுயினம் என்று பெயர். பொய் என்பதைக் குறிக்க அவற்றின் மொழியில் சொல்லே இல்லை. மனித உருவமுடைய யாகூ என்னும் பிராணிகளோ அழுக்கும் பேராசையும் நிறைந்து, பளபளக்கும் கற்களுக்காக அடித்துக்கொண்டன. கலிவர் குதிரைகளின் மொழியைக் கற்றார். அவற்றின் நேர்மையில் உள்ளத்தைப் பறிகொடுத்தார். யாகூக்களைக் காணும்போதெல்லாம் தம் இனத்தாரையே கண்டார். நீரில் தம் முகத்தைக் காணவும் வெறுத்தார்.

ஆனால் அவர் கவனிக்கத் தவறிய சில உண்டு. அந்த நற்குணக் குதிரைகள், யாகூ இனத்தைப் பூண்டோடு அழித்துவிடலாமா என்று சபை கூட்டி விவாதித்தன. தம்மோடு வாழ்ந்தவர் இறந்தால் துக்கப்படுவதும் அவற்றின் வழக்கமன்று. கடைசியில், தங்களை வணங்கி நின்ற கலிவரையே, இவனும் யாகூதான் என்று கூறி வெளியேற்றிவிட்டன. அவர் அழுதுகொண்டே எஜமானக் குதிரையின் குளம்பை முத்தமிட்டு, சிறு தோணியில் ஏறினார்.

அவரை ஒரு போர்ச்சுக்கீசியக் கப்பல் மீட்டது. அதன் தலைவர் பெட்ரோ டி மெண்டெஸ். தோலாடை உடுத்து, மனித வாடையே ஆகாது என்று மூலையில் ஒதுங்கியவருக்கு அவர் உணவளித்தார். தம் சிறந்த ஆடையைத் தர முன்வந்தார். லிஸ்பன் நகரில் தம் வீட்டிலேயே தங்கவைத்தார். மனைவி மக்களிடம் திரும்புவது கடமை என்று பல நாள் எடுத்துச் சொல்லி, வழிச்செலவுக்கு 20 பவுனும் கடனாகக் கொடுத்து அனுப்பினார். ஒரு கைம்மாறும் வேண்டவில்லை. மனிதருள் நல்லவர் உண்டு என்பதற்கு இதனினும் வேறு சான்று வேண்டுமா? கலிவரோ அவரைச் சிறிதளவு அறிவு வாய்ந்த ஒரு பிராணியாக மதித்து நடத்த இசைந்தார்; அவ்வளவே.

1715 டிசம்பர் 5-ஆம் நாள் வீடு சேர்ந்தார். இறந்துவிட்டார் என்றே எண்ணியிருந்த மனைவி மகிழ்ச்சியோடு தழுவி முத்தமிட்டாள். அவர் அருவருப்பால் ஒரு மணி நேரம் மூர்ச்சையாகிக் கிடந்தார். இரண்டு இளங்குதிரைகளை வாங்கி, நாள்தோறும் நான்கு மணி நேரமேனும் அவற்றோடு பேசினார். ஐந்து ஆண்டு கழித்தும், நீண்ட மேசையின் மறுகோடியில் மனைவி அமர்ந்து உண்ண அப்பொழுதுதான் அனுமதித்திருந்தார். கலிவரின் சரித்திரம் இங்கே முடிகிறது.

மாணவர்களே, இப்போது சொல்லுங்கள். அவருக்கு அகப்படாத வழி எது? வீட்டுக்குத் திரும்பும் வழியே. கப்பல் அவரை வாயில்வரை கொண்டுவந்து விட்டது. வாயிலிலிருந்து மனைவி அமர்ந்திருந்த மேசைவரை உள்ள சில அடித் தொலைவை அவரால் கடக்க முடியவில்லை.

ஆசிரியரின் கருத்தும் இதுதானோ, ஸ்விப்டும் மனித இனத்தையே வெறுத்தவரோ என்று கேட்பவர் உண்டு. அவருடைய எழுத்தில் கசப்பு மிகுதி என்பது உண்மை. ஆனால் அவர் வாழ்க்கையைப் பாருங்கள். 1724-இல் தகுதியற்ற செப்புக் காசுகளை அயர்லாந்து மக்கள்மேல் சுமத்த முயன்றபோது, ஒரு துணி வியாபாரி எழுதுவதுபோல் புனைபெயரில் கடிதங்கள் வெளியிட்டு மக்களை எழுப்பியவர் அவர். எழுதியவரைக் காட்டிக்கொடுப்போருக்கு 300 பவுன் பரிசு என்று அரசாங்கம் அறிவித்தது, ஒருவரும் காட்டிக்கொடுக்கவில்லை. அடுத்த ஆண்டே அக்காசுத் திட்டம் கைவிடப்பட்டது. 1745-இல் காலமானபோது, மனநோயாளருக்கு ஒரு மருத்துவமனை அமைக்கத் தம் செல்வத்தை எழுதி வைத்திருந்தார். அது 1757-இல் டப்ளினில் திறக்கப்பட்டது. மனிதரைக் கடுமையாகக் கண்டித்த அவர், மனிதரை விட்டு ஓடவில்லை. கலிவர் தொழுவத்தில் குதிரையோடு பேசிக்கொண்டிருக்கையில், கலிவரைப் படைத்தவர் தம் ஊராரின் வழக்கைப் பேசிக்கொண்டிருந்தார்.

கலிவருக்கும் ஒரு பெருமையை மறுக்க முடியாது. கண்ட நாடுகளை ஏன் தம் அரசருக்கு உரிமையாக்கவில்லை என்று கேட்டவர்களுக்கு அவர் கூறிய விடை அது. கொள்ளைக்கப்பல் ஒன்று வழிதவறிக் கரை காணும். அங்குள்ளோர் அன்போடு வரவேற்பர். வந்தவர் ஒரு பலகையையோ கல்லையோ நட்டு, தம் அரசர் பெயரால் நாட்டை உரிமை கொண்டாடி, சிலரைக் கொன்று சிலரைப் பிடித்துச் செல்வர். பிறகு பெரும்படை வரும் என்று அவர் விவரிக்கிறார். தாம் வரைந்த வழியே பீரங்கிக் கப்பல்கள் செல்வதை அவர் விரும்பவில்லை. அடிமைத்தளை அறுத்த நாட்டில் பிறந்த நமக்கு அந்தப் பக்கத்தின் பொருள் நன்கு விளங்கும்.

பள்ளியில் பல்லாண்டு பணி செய்தவன் என்ற முறையில் உங்களுக்கு ஒன்று சொல்லி முடிக்கிறேன். கல்வியும் ஒரு கடற்பயணந்தான். உங்களுள் பலர், தம் குடும்பத்தில் முதன்முதலாகக் கல்லூரி வாயிலை மிதித்தவர்கள். விடுமுறைக்கு ஊர் திரும்பும்போது வீட்டுக் கூரை முன்னையினும் தாழ்ந்ததாகத் தோன்றும். அன்னையின் பேச்சு கொச்சையாகப் படும். தந்தையின் கவலைகள் அற்பமாகத் தோன்றும். அப்பொழுது, குனிந்து வாயிலில் நுழைந்த கலிவரை நினைத்துக்கொள்ளுங்கள். கூரை தாழவில்லை, உங்கள் கண்ணில் வேற்று அளவுகோல் ஒட்டிக்கொண்டிருக்கிறது. சில நாளில் அது சரியாகும், சரியாக விடவேண்டும். ஊரில் குறையே இல்லை என்று நான் சொல்லவில்லை. செருப்புக் குதிக்கும் முட்டைக்கும் நடக்கும் சண்டைகள் நம் தெருவிலும் உண்டு. அவற்றைக் கண்டு திருத்துவதற்கே நீங்கள் படிக்கிறீர்கள். ஆனால் மேசையின் மறுகோடியில் அமர்ந்து திருத்த முடியாது. வெளியுலகத்தின் மொழியைக் கற்ற நீங்கள் வீட்டின் மொழியை மறவாமல் இருந்தால், இரண்டு உலகத்துக்கும் இடையே ஒரு பாலம் உண்டாகும். கலிவர் ஆறேழு மொழி கற்றும் அந்தப் பாலத்தை அமைக்கவில்லை.

செவ்வாயின் இரண்டு சந்திரர்களுள் போபாஸ் என்பதன் நிலப்படத்தை வானநூலார் இன்று வரைந்திருக்கின்றனர். அதிலுள்ள ஒரு பள்ளத்துக்குக் கலிவர் என்று பெயர். மற்றொரு சந்திரனாகிய டீமாஸின் பள்ளம் ஒன்று ஸ்விப்டின் பெயரைத் தாங்குகிறது. அன்று ஒரு முதியவர் தேசப்படத்தில் தேடிக் காணாத பெயர்களை, இன்று வேறோர் உலகத்தின் மெய்யான படத்தில் காணலாம். குள்ளர் நாட்டோடு நூலை மூடிவிடாமல் நான்கு பகுதிகளையும் படியுங்கள். கடைசிப் பகுதியைப் படிக்கும்போது, போர்ச்சுக்கீசியக் கப்பல் தலைவர் வரும் இடத்தில் சற்று நின்று படியுங்கள்.